சின்னம்மாவின் கட்டிலருகே அப்பா

சின்னம்மா ஹெந்தளையில் ஒரு வீட்டில் வேலைக்கு நிற்கிறாள் என்றுதான் எங்கள் கொட்டாஞ்சேனை ஒழுங்கையில் எல்லோருக்கும் சொல்லியிருந்தது. ஏழு வயதான எனக்கும் அப்படித்தான் சொன்னார்கள். அவளைக் கட்டுவதாகச் சொன்னவன் கட்டாருக்குப் போய்ப் போன் நம்பரையும் மாற்றிவிட்டான் என்பது பிறகு தெரிந்த கதை. துறைமுகத்தில் வேலை செய்த அப்பா அவள் பெயரைச் சொல்வதையே நிறுத்தியிருந்தார். அம்மா மட்டும் பஸ் ஏறிப் போய்த் தங்கையைப் பார்த்து வருவாள்.

சின்னம்மாவுக்கு மாதம் நிறையுமுன் பிள்ளை பிறந்தது. அம்மா என்னையும் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போனாள். பார்க்கிற நேரத்தில் வார்டு நிறையக் கணவன்மார். சின்னம்மாவிடம் நாங்கள் இருவர்தான். பக்கத்துக் கட்டில் பெண், "இவவின்ர மிஸ்டர் வரேல்லையோ?" என்று கேட்டாள்.

"அவர் வெளிநாட்டில" என்றாள் அம்மா.

காலையில் அதே பெண்ணிடம், அவர் கப்பலில் என்று சின்னம்மா சொல்லியிருந்தாளாம். அந்தப் பெண் மறுபக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள். சின்னம்மா போர்வையை முகம் வரை இழுத்துவிட்டாள்.

மறுநாள் பிள்ளைக்கு மூச்சுக் கஷ்டமாகிக் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்தார்கள். அம்மா அப்பாவுக்குப் போன் எடுத்து அழுதாள். அவர் வருகிறேன் என்று சொல்லவில்லை. பின்னேரம் நர்ஸ் வாசலில் நின்று, "பபாகே தாத்தா கோ?" என்று சிங்களத்தில் கேட்டார். பிள்ளையின் அப்பா எங்கே என்று. வார்டு முழுக்கச் சின்னம்மாவைப் பார்த்தது.

"மம தமயி, மிஸ்." நான்தான் என்று நர்ஸுக்குப் பின்னால் ஒரு குரல். அப்பா. வேலையுடுப்போடு, ஹெல்மெட்டைக் கக்கத்தில் இடுக்கியபடி நின்றார்.

"அது என்ர..." என்று தொடங்கினேன். அம்மா என் வாயைப் பொத்தினாள்.

டாக்டரிடம் போய்த் திரும்பிய அப்பா கட்டிலோரம் அமர்ந்தார். "பிள்ளை இப்ப நல்லா மூச்சு விடுது. நீ எழும்பிச் சாப்பிடு" என்றார். சின்னம்மா "அத்தான்" என்று சொல்ல வாயெடுத்து, பக்கத்துக் கட்டிலைப் பார்த்து நிறுத்திக்கொண்டாள்.

பிள்ளை பிழைத்து, பட்டப்பகலில் அப்பாவின் தோளில் எங்கள் ஒழுங்கைக்குள் வந்ததும், ஒழுங்கை பேசிப் பேசிக் களைத்ததும் பிந்திய கதை. அன்று பஸ்ஸில் நான் அப்பாவோடு கோபம்.

"அப்பா எங்கட அப்பாவோ, அந்தப் பிள்ளையின்ர அப்பாவோ?" என்று அம்மாவைக் கேட்டேன்.

"எங்கட அப்பாதான்."

"அப்ப ஏன் பொய் சொன்னவர்?"

அப்பா யன்னலுக்கு வெளியே பார்த்தார். அம்மா, நாலு பேர் பார்க்க, அவர் கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டாள். அவள் அப்படிச் செய்து நான் கண்டதேயில்லை. பொய் சொன்ன மனிதருக்கு ஏன் இவ்வளவு மரியாதை என்று எனக்கு விளங்கவில்லை.