வேலிக்கருவைப் பிற்பகல்

திருச்சுழியில் அந்த வைத்தியசாலையின் நடையில் கடிகாரம் கிடையாது, நாள்காட்டியும் கிடையாது. அவை மாட்டியிருந்த ஆணிகள் மட்டும் சுவரில் இருந்தன. இதெல்லாம் என்ன மருத்துவம் என்று, பி.எஸ்ஸி. முடித்த மிதப்பில் நினைத்தேன். உங்கள் வீட்டிலும் ஒருவருக்கு இந்த நோய் கண்டிருந்தால், நான் செய்ததை நீங்கள் செய்யாதிருக்கவே இதை எழுதுகிறேன்.

எழுபத்து மூன்று தை மாதம். பாளையம்பட்டியில் கட்டிக்கொடுத்திருந்த என் அக்கா முத்துலட்சுமிக்கு மதியங்கள் காணாமல் போக ஆரம்பித்தன. சாப்பிட்டுவிட்டுத் தறிக்கு நூல் சுற்ற உட்காருவாள். விளக்கு வைக்கும் நேரத்தில் நிமிர்ந்து, "இப்பத்தான உக்காந்தேன்" என்பாள். நடுவே நாலு மணிக்குப் பள்ளி விட்டு வரும் ஆறு வயது மகள் சரசு அவளைப் பிடித்து உலுக்குவாள். கண் திறந்திருக்கும், கை சுற்றிக்கொண்டிருக்கும், ஆள் அங்கே இருக்கமாட்டாள். ஒருநாள் பசியில் அடுப்புச் சட்டியைத் தொட்டுச் சரசு அலறியபோதும் அக்கா திரும்பவில்லை. அதன்பிறகுதான் நானும் அத்தானும் அவளைப் பஸ் ஏற்றிக் கூட்டிப்போனோம்.

காலநில மருத்துவம் (சிதைந்த காலத்தைப் பாழ்பட்ட நிலம்போல எண்ணிக் குணமாக்கும் முறை) பார்க்கும் டாக்டரம்மா அக்காவின் நாடியை ஒரு மதியம் முழுக்கப் பிடித்திருந்தார். பொழுதரிப்பு (நாளின் ஒரு பகுதி மேல்மண்போலக் கரைந்துபோவது) என்றார். எட்டு வருஷமாக ஒரு மதியத்தைக்கூடச் சும்மா விடாமல் ஒரே வேலையைப் போட்டு உழுதிருக்கிறாள். இனி மதியங்களை வெறுமனே விடவேண்டும் என்றார்.

"மழை பேஞ்ச கரிசல்ல மொதல்ல எது வருது? அருகு, கோரை, எறும்பு. மதியத்துக்கும் அப்படித்தான் தம்பி. மொதல்ல கொட்டாவி விடுவாக. ஈயை வெரட்டுவாக. பிள்ளைய இன்னும் காணமேன்னு சலிச்சுக்கிருவாக. அதுக்கு முந்தி நீங்களா எதையும் வெதச்சுறாதீக."

எத்தனை நாளாகும் என்று கேட்டேன். "அதக் கேக்கக் கூடாதுன்னுதான் செவத்துல ஆணிய மட்டும் விட்டிருக்கேன்" என்றார். அத்தான்கூடச் சிரித்தார்.

திரும்பி வந்து அக்கா வீட்டிலேயே நான் தங்கிக்கொண்டேன். இரண்டு மாதத்தில் வந்தது ஒரே ஒரு கொட்டாவி. அத்தான் அதையே பெரிதாகச் சொல்லிக்கொண்டிருந்தார். எனக்குப் பொறுக்கவில்லை. பச்சையாக எது தெரிந்தாலும் நிலம் பிழைத்துவிட்டதென்று நம்புகிற ஊர் எங்களுடையது. அப்படித்தான் வேலிக்கருவை (சீமைக் கருவேல்) விதையைக் கண்மாய்க் கரையெல்லாம் தூவிவிட்டு, வேகமாக வளருதே என்று சந்தோஷப்பட்டோம். நானும் அதையே செய்தேன்.

அக்காவின் வெற்று மதியத்தில் விதைக்க நான் தேர்ந்தெடுத்தது ஆறு வருஷத்துக்கு முந்தைய ஓர் ஐப்பசி மதியம். பிரசவம் முடிந்து, எங்கள் நரிக்குடி வீட்டிலிருந்து கைக்குழந்தையோடு அக்காவைப் பாளையம்பட்டிக்குக் கொண்டுவந்த நாள். குண்டாற்றில் தண்ணீர் வந்து பஸ் கரையிலேயே நின்றுவிட்டது. வறுகடலை தின்றுகொண்டு, மழையைப் பார்த்துக்கொண்டு அக்காவும் நானும் சிரித்தபடி இருந்தோம். அவள் மடியில் சரசு தூங்கினாள். அத்தான் தறியில் இருக்கும்போது, தினமும் மூன்று மணிக்கு இதை அக்கா காதில் சொன்னேன்.

ஒன்பதாம் நாள் அவள் சிரித்தாள். பன்னிரண்டாம் நாள், "தண்ணி வடிஞ்சிருச்சாடா?" என்று கேட்டாள். வீடே கொண்டாடியது. டாக்டரம்மாவுக்குப் பெருமையாக ஒரு கார்டு போட்டேன்.

பிறகு அந்த மதியம் பரவியது. முதலில் சாயங்காலத்தைப் பிடித்தது. அப்புறம் காலையிலேயே அக்காவுக்கு மழை கேட்டது. ஏப்ரல் மாத வெயிலில் சேலையைப் பிழிந்தாள். ஒருநாள் சரசு பள்ளி விட்டு ஓடிவந்தபோது, அக்கா வெறும் மடியை ஆட்டிக்கொண்டே உதட்டில் விரல் வைத்தாள்.

"சத்தம் போடாத பாப்பா, பிள்ளை தூங்குது. நீ யாரு வீட்டுப் பிள்ளை?"

சரசு அழவில்லை. பையைக் கீழே வைக்காமலே நின்றாள்.

கார்டு கிடைத்த டாக்டரம்மா பதில் எழுதவில்லை, நேரில் வந்தார். என்னைத் திட்டவும் இல்லை. வெட்டினால் தழைக்கும், வேரோடு எடுக்கவேண்டும் என்றார். "எடுத்தா அந்த நாளு அவுகளுக்கு என்னைக்குமே கெடையாது. மகளை மொதமொத வீட்டுக்குக் கொண்டாந்த நாளு. யோசிச்சுச் சொல்லுங்க."

அத்தான் சரசுவைப் பார்த்தார். "எடுத்துருங்க" என்றார்.

பதினோரு மதியங்கள். வேரெடுப்பு என்பது இதுதான்: நோயாளி அந்த நாளை ஒவ்வொன்றாகச் சொல்லித் தீர்ப்பார், சுற்றியிருப்பவர்கள் யாரும் 'உம்' கொட்டக்கூடாது. பதில் கிடைக்காத ஞாபகம் காய்ந்துவிடும். அக்கா கடலைத் தொலியைச் சொன்னாள், ஆற்றைச் சொன்னாள், என் சிரிப்பைச் சொன்னாள். "ஏன்டா தம்பி, ஞாபகமில்லையா ஒனக்கு?" என்று என் முகத்தைப் பார்த்துக் கேட்டாள். நான் தலையைக் குனிந்துகொண்டேன். கடைசி நாள் மடியின் கனத்தைச் சொல்லிவிட்டு வெகுநேரம் அழுதாள். அப்புறம் கையில் உட்கார்ந்த ஈயை விரட்டினாள்.

"பள்ளிக்கூடம் விட்டுருக்குமே, இவளை இன்னும் காணம்?"

அக்கா பிழைத்துக்கொண்டாள். இப்போது சரசுவுக்குத் தலை பின்னிவிடுகிறாள், கோபப்படுகிறாள். குண்டாறு என்றால் அவளுக்கு ஒன்றுமில்லை.

நான் அந்த மதியத்தை எத்தனை முறை சொன்னேன் என்பதை டாக்டரம்மா போகும்போதுதான் கேட்டார். சொன்னேன். என் மணிக்கட்டைச் சற்றுநேரம் பிடித்துப் பார்த்தார். "தூவுன கையிலயும் ஒட்டியிருக்கும் தம்பி" என்றார். வேரெடுக்க வா என்றார். நான் போகவில்லை. நானும் எடுத்துவிட்டால் அந்த நாள் யாரிடமும் இருக்காது.

சரசு தினமும் கேட்கிறாள், "மாமா, என்னை வீட்டுக்குக் கூட்டியாந்த கதை அம்மாவுக்குத் தெரியலயாம். நீ சொல்லு." சொன்னால் அவளிடமும் முளைக்கும். தலைவலி என்று படுத்துக்கொள்கிறேன்.

முதலில் மூன்று மணிக்கு மட்டும் எனக்கு ஈரமும் பஸ் டீசலும் வாடையடித்தன. இப்போது அப்படியில்லை. வெளியே நல்ல வெயில், பள்ளி விட இன்னும் இரண்டு மணி நேரம் இருக்கிறது. என் மடி இப்போதே கனக்கிறது.