அறுந்த படத்தின் மிச்சம்

பேய், பிசாசு என்று யாராவது தொடங்கினால் எழும்பிப் போய்விடுகிற ஆள் நான். சிரிப்பதென்றால் இப்போதே சிரித்துவிடுங்கள், இடையில் சிரித்தால் எனக்குக் கோபம் வரும்.

தொண்ணூறுகளின் நடுவில், ஊரைவிட்டு வந்து நாங்கள் குடியேறிய வெக்ஸ்போர்ட்டில், ஒரு சமூக மண்டபத்தில் ஞாயிறு மத்தியானங்களில் பழைய படங்கள் போடுவார்கள், புரொஜெக்டர் ஓட்டுவது நான். அன்றைக்கு வந்தது முதலாம் உலகப்போருக்குப் பிறகு இங்கிலாந்தில் எடுத்த பேசாத குறும்படம்; போரில் காணாமற்போன கணவனுக்காக ஒருத்தி காத்திருக்கிற கதை. ஓட்டுவதற்கு முன் சுருள் முழுவதையும் விரலால் தடவி ஒட்டுகளைப் பார்ப்பது என் வழக்கம். அவள் கதவைத் திறக்கிற இடத்தோடு படம் அறுந்திருந்தது. வந்தது யார் என்கிற முடிவே அதில் இல்லை.

சனம் வர முன் ஒருமுறை ஓட்டிப் பார்த்தேன், கூட இருந்தது அண்ணி மட்டும். ஊரில் அண்ணாவைச் சோதனைச்சாவடியில் பிடித்துக்கொண்டு போனவர்கள் போனவர்கள்தான், ஒரு தகவலும் இல்லை. செத்தவருக்குச் செய்கிற அந்தியேட்டியைச் செய்துவிட்டுத் தாலியைக் கழற்று என்று சொந்தக்காரர் நெருக்க, அண்ணி மாட்டேன் என்று நின்றார். அவருக்கு இங்கிலிஷ் வாசிக்கத் தெரியாது, ஆகவே திரையில் எழுத்து வரும்போதெல்லாம் நான் தமிழில் சொல்லிக்கொண்டிருந்தேன்.

கதவு திறந்தது, படம் முடிந்தது, வெறும் வெள்ளை வெளிச்சம். நிற்பாட்டப் போனேன்.

"நிப்பாட்டாதை தம்பி, அவர் வந்திட்டார்."

"ஆர் அண்ணி? படம் முடிஞ்சுது."

"விசரே உனக்கு? சப்பாத்தை வாசலிலை கழட்டி வைக்கிறார், பார்."

சப்பாத்தோடு வீட்டுக்குள் நடக்கிற வெள்ளைக்காரரின் படம் அது. நம்பினால் நம்புங்கள், திரையில் ஒன்றுமே இல்லை, ஆனால் அண்ணியின் முகத்தில் வெளிச்சம் அசைந்தது, படம் பார்க்கிறவர்கள் முகத்தில் விழுமே, அப்படி இருளும் ஒளியுமாக.

"ஏதோ சொல்லுறார்... எழுத்து வந்திட்டுது. கெதியா வாசி தம்பி!"

"ஒண்டும் இல்லை அண்ணி."

"ஐயோ, போகப்போகுது, வாசியன்!" என்று என் கையைப் பிடித்து உலுக்கினார். பிறகு அவர் முகத்தில் வெளிச்சம் அசையாமல் நின்றுவிட்டது.

அண்ணாவைப் பற்றி இன்றுவரை தகவல் இல்லை. தாலி அண்ணியின் கழுத்தில்தான் இருக்கிறது. என்னோடு அன்பாகத்தான் இருக்கிறார், ஆனால் நான் அவர் வீட்டுக்குப் போகும்போதெல்லாம் தேத்தண்ணியைக் கையில் தந்துவிட்டு, பக்கத்தில் யாரும் இல்லாத நேரம் பார்த்து, மெல்லக் கேட்பார்:

"நல்லதோ கெட்டதோ, நான் தாங்குவன். அண்டைக்கு என்ன எழுதியிருந்தது எண்டு சொல்லு தம்பி."