முள் சாத்திய வீட்டின் முகவரி

ஜெர்மனியில் நான் குடியிருக்கும் கட்டடத்தில் கதவை இழுத்து விட்டாலே போதும், தானாகப் பூட்டிக்கொள்ளும். ஆனாலும் வேலைக்குக் கிளம்பும்போது நிலைப்படியின் குறுக்கே ஒரு முள்ளுக்கிளையைச் சாத்திவிட்டுத்தான் போகிறேன். பூங்காவில் வளர்ந்து கிடக்கும் காட்டு ரோஜாப் புதரிலிருந்து ஒடித்து வந்த கிளை. மாடிப்படியில் எதையும் வைக்கக் கூடாது என்று கீழே ஒரு பலகை தொங்குகிறது. தொங்கட்டும். கிளை வைத்த முதல் வாரமே எதிர்வீட்டு ஃப்ராவ் மாயர் கையில் தோட்டத்து உறையை மாட்டிக்கொண்டு, அந்தக் கிளையைச் செத்த எலியைப் போலத் தூக்கிப் பிடித்தபடி என் கதவைத் தட்டினார். கணவர் இறந்தபின் தனியாக இருக்கும் அம்மாள், நல்ல மனசு. முகமெல்லாம் வெளுத்திருந்தது. "யாரோ உன்னைப் பயமுறுத்தப் பார்க்கிறார்கள். வெளிநாட்டுக்காரி என்று செய்கிறார்கள். போலிட்சையைக் கூப்பிடட்டுமா?" என்று கேட்டார். போலிட்சை என்றால் போலீஸ். எனக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்துவிட்டது. அவருக்கோ கோபம்.

என் அரைகுறை ஜெர்மனில், "நான் இங்கே வசிக்கிறேன் என்பதற்காக வைத்தேன்" என்று சொன்னேன். "அதற்குத்தான் அழைப்புமணியில் பூங்கொடி என்று உன் பெயர் ஒட்டியிருக்கிறதே" என்றார் அவர். அதுவும் உண்மைதான். இந்த ஊரில் அழைப்புமணியிலும் தபால்பெட்டியிலும் பெயர் இல்லாவிட்டால் நீங்கள் இல்லவே இல்லை. கடிதம் வராது, வங்கிக் கணக்கு கிடைக்காது. குடிவந்த கையோடு நகராட்சியில் போய் 'அன்மெல்டுங்' என்று முகவரியைப் பதிந்தாக வேண்டும். இதையெல்லாம் நான் முணுமுணுக்காமல் செய்தேன். அவர்கள் ஊர், அவர்கள் வழக்கம். என் ஊரின் வழக்கத்தையும் ஒருவர் அப்படி மதித்திருந்தால் போன விடுமுறையில் எனக்கு அவ்வளவு பாடு வந்திருக்காது. அந்தக் கதையைத்தான் சொல்ல வந்தேன்.

எனக்கு ஊர் ஜவ்வாது மலை. படவேட்டிலிருந்து அண்ணாந்து பார்த்தால் தெரியும் முகட்டுக்கு அந்தப் பக்கம் இருக்கிறது அத்திக்கொல்லை. கொஞ்சம் வீடுகள், சுற்றிலும் தினையும் சாமையும், புளியமரங்கள். நர்ஸிங் முடித்துவிட்டு முதன்முதலில் பாஸ்போர்ட் எடுத்தபோது, வேலைக்கு ஆள் அனுப்பும் ஏஜெண்ட் ஒருவர், "மலை அட்ரஸா? போலீஸ் வெரிபிகேஷனுக்கு ஒருத்தனும் ஏற மாட்டாம்மா" என்று சொல்லி, அவருக்குத் தெரிந்த ஏதோ ஒரு வீட்டின் முகவரியை எழுத வைத்தார். அந்தத் தெருவை நான் இதுவரை கண்ணால் பார்த்ததில்லை. பத்து வருஷம் ஒவ்வொரு விமான நிலையத்திலும் அந்தப் புத்தகத்தை நீட்டும்போது கடைசிப் பக்கத்தில் அந்தப் பொய் என்னைப் பார்த்து இளித்துக்கொண்டிருக்கும். இரவல் புடவை கட்டிக்கொண்டு கல்யாணத்துக்குப் போன மாதிரி இருக்கும் எனக்கு.

பாஸ்போர்ட்டை ஜெர்மனியிலேயே புதுப்பித்திருக்கலாம். பழைய முகவரியையே எழுதிக் கொடுத்தால் சிக்கல் இல்லை என்று உடன் வேலை செய்யும் மலையாளிப் பெண்கள் சொன்னார்கள். நான் கேட்கவில்லை. விடுப்பு எடுத்துக்கொண்டு ஊருக்கு வந்து, தமிழ்நாட்டில் குடியிருப்பவளாக, அத்திக்கொல்லை என்று எழுதி விண்ணப்பித்தேன். ஆதாரில் அதுதான், ரேஷன் கார்டில் அதுதான், பாஸ்போர்ட்டில் மட்டும் ஏன் வேறு? அலுவலகத்தில் பழைய புத்தகத்தின் மூலையைக் கத்தரித்துக் கையில் கொடுத்தார்கள். முகவரி மாறியிருப்பதால் போலீஸ் விசாரணை முடிந்த பிறகே புதியது வரும் என்றார்கள். அந்த நொடியிலிருந்து என்னிடம் செல்லுபடியாகும் பாஸ்போர்ட் இல்லை. விடுப்பு முடிந்து மருத்துவமனையில் நான் நிற்க வேண்டிய நாள் குறித்தாகிவிட்டது. புதியது அதற்குள் வராவிட்டால் விமானம் ஏற முடியாது. நான் இல்லாத வார்டுக்கு வேறு ஆளைப் போட்டுவிடுவார்கள். அப்புறம் அந்த நாட்டில் என் வேலையும் இருப்பும் கேள்விக்குறிதான்.

நான் போன சமயம் தினை பால் பிடித்திருந்தது. எங்கள் பக்கத்தில் தினை பால் பிடித்தால் அறுப்பு முடியும்வரை ஊரே கொல்லையில், அதாவது பயிர் நிலத்தில்தான், குடியிருக்கும். பகலில் கிளி, இருட்டினால் பன்றி. பரண் கட்டி, கொட்டாய் போட்டு, சோறு தண்ணியெல்லாம் அங்கேயே. ஊரில் உள்ள வீடுகளின் கதவைச் சாத்தி, நிலைப்படியின் குறுக்கே ஒரு இலந்தைமுள் கிளையைப் போட்டுவிட்டுப் போவோம். பூட்டெல்லாம் கிடையாது. முள் இருந்தால் இந்த வீட்டில் ஆள் உண்டு, கொல்லையில் இருக்கிறார்கள் என்று பொருள். வந்தவர்கள் வாசலில் நின்று ஒரு குரல் கொடுக்க வேண்டும். கொல்லையிலிருந்து பதில் குரல் வரும். வீட்டை விட்டு ஒரேயடியாகப் போனவர்கள்தான் முள்ளை எடுத்துவிட்டுக் கதவைத் திறந்து போட்டுவிட்டுப் போவார்கள். சாவு வீட்டிலும் கதவு திறந்தே கிடக்கும். இது எங்கள் மலையில் பேசத் தெரிந்த எல்லோருக்கும் தெரியும்.

ஒருநாள் நானும் அம்மாவும் பரணில் உட்கார்ந்து கிளி விரட்டத் தகரம் தட்டிக்கொண்டிருந்தோம். கீழே ஒரு பைக் வந்து எங்கள் வீட்டு வாசலில் நின்றது. ஒரு ஆள் இறங்கினார், கதவைப் பார்த்தார், சுற்றிப் பார்த்தார், பைக்கைத் திருப்பிக்கொண்டு போய்விட்டார். "யாரும்மா அது?" என்றேன். "குரல் குடுக்கலியே. நம்ம வூட்டுக்கு வந்த ஆளா இருக்காது" என்றாள் அம்மா. எனக்கும் அது சரியென்றே பட்டது. இத்தனை வருஷம் வெளிநாட்டில் இருந்தவள், பாஸ்போர்ட்டுக்காகக் காத்துக் கிடக்கிறவள், எழுந்து ஓடியிருக்க வேண்டாமா? தோன்றவே இல்லை. குரல் கொடுக்காதவர் விருந்தாளி இல்லை என்பது அவ்வளவு ஆழமாக எனக்குள் ஊறிக் கிடந்திருக்கிறது. நான் மறுபடி தகரம் தட்டப் போய்விட்டேன்.

அடுத்த முறை சாமான் வாங்க சந்தவாசலுக்கு இறங்கியபோது, பஸ் நிறுத்தத்தில் போனுக்கு சிக்னல் கிடைத்தது. கூடவே செய்தியும். விண்ணப்பத்தில் சொன்ன முகவரியில் நான் வசிக்கவில்லை என்று போலீஸ் அறிக்கை போயிருந்தது. நேராக ஸ்டேஷனுக்குப் போனேன். மலைக்கு வந்து போனவர் அங்கிருந்த ஏட்டுதான். நடுவயது, கெட்டவர் என்று சொல்ல முடியாது.

"நான் வந்தேம்மா. கதவுல முள்ளு கெடந்துச்சி. பாழடஞ்ச வூடுன்னு எழுதிட்டேன்."

"முள்ளு இருந்தா ஆளு கீதுன்னு அர்த்தங்க. ஒரு குரல் குடுத்திருக்கலாமே."

"யாரக் கூப்புடறது? காத்தையா? ஊர்லயே ஒரு ஈ காக்கா இல்ல."

"முள்ளு இல்லாத வூடு எதுனா பாத்தீங்களா?"

"இல்ல" என்றார்.

மறு விசாரணைக்கு எழுதிக் கொடுத்தேன். "இன்னொரு தபா மலையேறணுமா?" என்று அலுத்துக்கொண்டவர், நான் கிளம்பும்போது, "நான் வர்றப்ப கதவத் தொறந்து வெச்சிக்கினு வூட்ல ஒக்காந்திருங்க" என்றார். என்றைக்கு வருவார் என்பதை மட்டும் சொல்லவில்லை. வெளியே வந்து கண்ணமங்கலத்தில் இருக்கும் பழைய ஏஜெண்டுக்குப் போன் போட்டேன். அவர் கொஞ்சமும் அசரவில்லை. "இன்னாத்துக்கு இந்த வம்பு? இத கேன்சல் பண்ணிட்டு, எங்க மச்சான் வூட்டு அட்ரஸ்ல புதுசாப் போடு. ரோட்டு மேல வூடு, போலீசு டீ குடிச்சிட்டே எழுதிட்டுப் போய்டுவாரு." ஒரு நிமிஷம் மனசு ஆடியது என்பதை மறைக்கவில்லை. வேலை போய்விடுமே என்ற பயம் எலும்பு வரைக்கும் இருந்தது. ஆனால் அவர் கடைசியாக ஒன்று சொன்னார்: "மலை மேல எவன் இருக்கான்னு அந்த அட்ரஸ்?" அதோடு எனக்குத் தலைக்கேறிவிட்டது. "நாங்க இருக்கோம்" என்று சொல்லிப் போனை வைத்தேன்.

அம்மாவிடம் வந்து, கதவைத் திறந்து வைக்கச் சொல்கிறார்கள் என்றேன். அவள் என்னை ஏற இறங்கப் பார்த்தாள். "அறுப்புக்கு முன்னால முள்ள எடுக்கறதா? யாரு செத்துட்டாங்க இந்த வூட்ல? போலீசுக்கோசரம் நாம வூட்ட வுட்டுப் போய்ட்ட மாதிரி வேஷம் கட்டணுமா?" அவளுக்குப் புரியும்படி நான் எத்தனையோ சொன்னேன். வேலை போகும் என்றேன். "போவக் கூடாது" என்றாள், "முள்ளும் போவக் கூடாது." வேறு வழியில்லாமல், சாத்திய முள்ளுக்குப் பக்கத்திலேயே நாள் முழுக்க வாசலில் உட்கார்ந்திருந்தேன். ஏட்டு வரவில்லை. மறுநாளும் வரவில்லை. அன்று சாயங்காலம் கொல்லைக்குப் போனால் ஒரு மூலைத் தினை முழுக்கக் கிளி தின்று வெறும் தாள்தான் ஆடிக்கொண்டிருந்தது. அம்மா குனிந்து, உதிர்ந்து கிடந்த கதிர்களைப் பொறுக்கிக்கொண்டிருந்தாள். அடுத்த நாள் நான் பரணுக்கே போய்விட்டேன்.

அன்றைக்குத்தான் பைக் வந்தது. அதே ஆள். நான் பரணிலிருந்து குதிக்கப் போனேன். அம்மா என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள். "இரு. கூப்புடட்டும்." கையை உதறியிருப்பேன், பொய் சொல்ல மாட்டேன். ஆனால் அவ்வளவு பலமாகப் பிடித்திருந்தாள். கீழே அவர் முள்ளைப் பார்த்தார். தொப்பியைக் கழற்றித் தலையைத் துடைத்தார். பைக்கைப் பார்த்தார். போய்விடுவார் என்று நினைத்தேன். என் வார்டும் நான் வாடகை கொடுக்கும் அறையும் ஒரு நொடி கண்ணுக்குள் வந்து போயின. அப்போது அவர் கையை வாயருகே குவித்து, கூச்சப்பட்டுக்கொண்டே கத்தினார்:

"ஏம்மா... பாஸ்போர்ட்டூ...!"

"இங்கதான் கீறோம்!" என்று கத்தினேன். தொண்டை கிழிந்தது. எங்கள் வழக்கப்படி, குரல் யாருக்கானதாக இருந்தாலும் கேட்டவர்கள் பதில் கொடுப்பார்கள். பக்கத்துக் கொல்லையிலிருந்து, ஓடைக்கு அந்தாண்டையிலிருந்து, மேட்டுப் பரணிலிருந்து என்று எல்லாத் திசையிலும் "ஓய்! ஓய்!" என்று எழும்பியது. ஏட்டு நடுவில் நின்று சுற்றிச் சுற்றிப் பார்த்தார். ஈ காக்கா இல்லாத ஊர் அவருக்கு நாலு பக்கமும் பதில் சொல்லிக்கொண்டிருந்தது. அந்தச் சந்தோஷத்துக்கு ஈடாக இன்னொன்று என் வாழ்க்கையில் கிடையாது.

வரப்பேறி மூச்சு வாங்க வந்து சேர்ந்தார். அம்மா தண்ணீர் கொடுத்தாள். அவர் காகிதத்தை எடுத்துக்கொண்டு, "எல்லாம் சரிம்மா. ஆனா இந்தப் பொண்ணு வேல செய்யறது வெளிநாட்ல. இவளுக்கு இங்க வூடுன்னு எப்படி எழுதறது?" என்று கேட்டார். அம்மா முந்திக்கொண்டாள்.

"நான் வேலைக்கு இந்தக் கொல்லைக்கு வர்றேன். அவ அந்த நாட்டுக்குப் போறா. இது கிட்ட, அது தூரம். அவ்ளோதாங்க. நான் போடற முள்ளு அவளுக்கும் சேத்துதான்."

ஏட்டு சிரித்துவிட்டார். பக்கத்துக் கொல்லைக்காரர்கள் இரண்டு பேர் சாட்சிக் கையெழுத்துப் போட்டார்கள். "வீட்டார் பயிர்க்காவலுக்காகக் கொல்லையில் உள்ளனர்" என்று எழுதச் சொல்லி நான் பக்கத்திலேயே நின்றேன். எழுதினார். விடுப்பு முடிவதற்குள் பாஸ்போர்ட் தபாலில் வந்தது. தபால்காரர் வாசலில் நின்று குரல் கொடுத்தார். அவருக்கு யாரும் சொல்லித் தர வேண்டியிருக்கவில்லை. கடைசிப் பக்கத்தில் அத்திக்கொல்லை என்று அச்சாகியிருந்ததை அம்மாவிடம் காட்டினேன். அவள் அதை வாங்கிப் பார்த்துவிட்டு, கிளி வருகிறது பார் என்றாள்.

ஜெர்மனிக்குத் திரும்பி வந்து முதல் நாள் வேலைக்குக் கிளம்பும்போது கை சும்மா இருக்கவில்லை. பூங்காவுக்குப் போய் அந்த ரோஜாக் கிளையை ஒடித்து வந்துவிட்டேன். போனில் அம்மாவிடம் சொன்னால் பாராட்டுவாள் என்று நினைத்தேன். "கொல்லக் கொட்டாய்க்கு யாருனா முள்ளு போடுவாங்களாடி? முள்ளு வூட்டுக்குத்தான்" என்றாள். அவள் கணக்குப்படி ஜெர்மனி என் கொல்லை. என் கை மட்டும் இதையும் வீடு என்று சொல்லிவிட்டது. எடுத்துவிடலாமா என்று யோசித்தேன். எடுக்கவில்லை. ஃப்ராவ் மாயர் எடுத்துப் போட்டார்; திரும்ப வைத்தேன். இன்னொரு முறை எடுத்தார். இன்னொரு முறை வைத்தேன். கடைசியில் ஒருநாள் உட்கார வைத்து, முள் என்றால் என்ன, வந்தவர் என்ன செய்ய வேண்டும் என்பதை இருக்கிற ஜெர்மனை எல்லாம் கூட்டிச் சொன்னேன். பாதிதான் புரிந்திருக்கும்.

போன சனிக்கிழமை நான் கெல்லரில், அதாவது கட்டடத்தின் நிலவறையில், துணி காயப்போட்டுக்கொண்டிருந்தேன். அறையைச் சாத்தி, பழக்க தோஷத்தில் முள்ளையும் போட்டுவிட்டு இறங்கியிருந்தேன். மேலே யாரோ படியில் நடந்து வந்து நிற்கும் சத்தம் கேட்டது. பிறகு அந்தப் பெரிய, மௌனமான, எதையும் வைக்கக் கூடாத மாடிப்படி முழுக்க அதிரும்படி ஃப்ராவ் மாயரின் குரல் வந்தது.

"ஹாலோ...! பூங்கோடீ...!"

கையில் ஈரத்துணியுடன் நான் அண்ணாந்து கத்தினேன். ஜெர்மன் வாயில் வரவில்லை.

"இங்கதான் கீறேன்!"