ஆர்க்காடு அங்கிளின் மௌன விரதம்

ஜெர்சி சிட்டியில் எங்கள் எதிர் அபார்ட்மென்டில் இருந்தவர் பெயர் அர்காடி. எங்கள் தமிழ்க் கூட்டத்தின் வாயில் அது ஒரு வாரம்கூட உருப்படியாக நிற்கவில்லை. ஆர்க்காடு அங்கிள் ஆகிவிட்டார். கூப்பிட்டால் திரும்பவும் செய்தார், பாவம். அவரை எங்கள் எதிரில் குடிவைத்த புண்ணியவானுக்கு இன்றைக்கும் நன்றி சொல்கிறேன்.

லெனின்கிராடில் முப்பது வருஷம் சினிமாவில் நடித்தவர். கதாநாயகன் இல்லை. கதாநாயகனுக்கு ஊசி போடுகிற டாக்டர், வாடகை கேட்கிற வீட்டுக்காரர், கல்யாணத்தில் குடித்துவிட்டு அழுகிற சித்தப்பா. பெயர் யாருக்கும் தெரியாது, முகம் எல்லாருக்கும் தெரியும். டிராமில் ஒரு அம்மாள் நிஜ டாக்டர் என்று நினைத்து இவரிடம் முழங்காலை நீட்டினாளாம்.

"என்ன பண்ணினீங்க?"

"வெந்நீர் ஒத்தடம் கொடுக்கச் சொன்னேன். சரியாகியிருக்கும்" என்றார்.

எழுபத்தொன்பதாம் வருஷம் மகளோடு கிளம்பி வந்துவிட்டார். அங்கிருந்து அப்படிக் கிளம்பினவர்களின் குடியுரிமையையே சோவியத் அரசு பறித்துவிடும்; திரும்பிப் போக வழி கிடையாது. இங்கே ஒரு ஆபீஸ் கட்டடத்தில் வாசல் காவல். நியூயார்க்கில் ஒரு படத்துக்கு ரஷ்ய உளவாளி வேஷம் கேட்டுப் போனார். ரஷ்யர் மாதிரி பேசவில்லை என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். இதைச் சிரித்துக்கொண்டேதான் சொன்னார். "பாஷை போய்விட்டது, ஸ்வர்ணா. இனி எனக்கு நடிப்பு இல்லை" என்று என்னிடம் சொன்னபோது சிரிக்கவில்லை.

எண்பத்தைந்து பொங்கல் விழாவுக்கு என் கணவர் பிச்சுமணி ஒரு நாடகம் போட்டார். அன்று காலையில் போன்: மாமனார் வேஷக்காரர் டெலவேரில் பனியில் மாட்டிக்கொண்டார். இவர் தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டார்.

"ஆர்க்காடு அங்கிளைப் போடுங்கோளேன்."

"தமிழ் தெரியாதேடி! விளையாடறியா?"

"மாமனாருக்கு மௌன விரதம்னு சேஞ்ச் பண்ணிடுங்கோ."

பண்ணினார். கடைசிக் காட்சியில் மட்டும் ஒரு வார்த்தை. மாப்பிள்ளையோடு மனஸ்தாபமாகிப் பெட்டியோடு வெளியேறும்போது விரதத்தை முறித்து, "போறேன்" என்று சொல்ல வேண்டும்.

அர்த்தம் கேட்டதும் அர்காடி முகத்தைச் சுளித்தார். "உங்கள் வாசலில் வருஷக்கணக்காகப் பார்க்கிறேன். கிளம்புகிற யாரும் இதைச் சொல்வதில்லையே. வரேன் என்றுதானே சொல்கிறார்கள்?"

"இவர் கோபமாகப் போகிறவர், திரும்பி வர மாட்டார்" என்று பிச்சுமணி இங்கிலீஷில் விளக்கினார். அங்கிள் அரைமனதாகத் தலையாட்டினார்.

வேஷ்டியும் விபூதியுமாக அவர் மேடைக்கு வந்தபோது ஹாலில் கொல்லென்று சிரிப்பு. சீக்கிரமே அடங்கிவிட்டது. காபி ஆறிவிட்டதென்று டம்ளரைப் பார்ப்பதும், பேரனின் இங்கிலீஷ் புரியாமல் காதைத் தடவுவதுமாக அசல் மாமனாரே அங்கே உட்கார்ந்திருந்தார். "எங்கப்பாவேதான்" என்று பின்வரிசையில் யாரோ முணுமுணுத்தார்.

கடைசிக் காட்சி. பெட்டியை எடுத்துக்கொண்டு வாசல்வரை போனார். நின்று திரும்பினார். மாப்பிள்ளையைப் பார்க்கவில்லை, எங்களைப் பார்த்தார்.

"வரேன்."

திரைக்குப் பக்கத்தில் பிச்சுமணி பல்லைக் கடித்தார். ஆனால் ஊறிப்போன பழக்கம் விடுமா? முன்வரிசைக் காமாக்ஷி மாமி, நாடகம் என்பதையே மறந்து, "போயிட்டு வாங்கோ" என்று வாய்விட்டுச் சொல்லிவிட்டார். அவ்வளவுதான். அங்கங்கே குரல்கள்: "வாங்கோ", "போயிட்டு வாங்க". ஒருத்தரும் சிரிக்கவில்லை. மீனம்பாக்கத்தில் அப்பா அம்மாவை நிறுத்திவிட்டு வந்தவர்கள்தானே எல்லாரும். நானும் சொன்னேன், அழுதுகொண்டே.

உள்ளே போனால், அங்கிள் வேஷத்தைக் கலைக்காமல் பயந்துபோய் உட்கார்ந்திருந்தார். "தப்பாகச் சொல்லிவிட்டேனா? எல்லாரும் கத்தினார்களே?"

"திட்டவில்லை அங்கிள். போய்விட்டுத் திரும்பி வாருங்கள் என்று சொன்னார்கள்."

கையிலிருந்த பெட்டியைக் கீழே வைத்தார். பிறகு என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"லெனின்கிராடில் எங்களை வழியனுப்ப வந்த யாராலும் இதைச் சொல்ல முடியவில்லை. இன்றைக்குச் சொல்லிவிட்டார்கள். உன் ஜனங்களுக்கு நன்றி சொல், ஸ்வர்ணா."