மாமியார் முன்னால் ஒரு சாட்சி

செத்தவரின் பெயரை வாயால் சொல்லக் கூடாது. பழங்குடிகள் வாழும் அந்தச் செம்மண் பாலையில் அதுதான் வழக்கம். பெயர் அடங்கிப்போன எல்லோருக்கும் பொதுவாகக் குன்மனரா என்று ஒரு சொல் உண்டு. போன மாதம் கண்ணை மூடியதிலிருந்து இவரும் குன்மனரா.

சாலையைச் சமன்செய்யும் பெரிய வண்டியை ஓட்டுவது அவர் வேலை. கல்யாணமாகி இருபத்தாறு வருடத்தில் மாமியார் டல்சியின் முகத்தை அவர் பார்த்ததே இல்லை. மருமகனும் மாமியாரும் நேருக்கு நேர் பார்க்கக் கூடாது, பேசக் கூடாது, அது மரியாதை. டல்சி கடைக்குள் நுழைந்தால் இவர் பின்வாசல் வழியாக வெளியேறுவார். ஒருநாள் பின்வாசல் பூட்டியிருந்தது. மாவு மூட்டைகளுக்குப் பின்னால் முக்கால் மணி நேரம் குந்தியிருந்தார். அது கிழவிக்குத் தெரியும். தேயிலைப் பொட்டலங்களை ஒவ்வொன்றாக எடுத்து, நிதானமாக விலை விசாரித்தாள்.

பிறகு நில வழக்கு வந்தது. அந்த மண் தங்களுடையதுதான், முன்னோர் முறை அங்கே இன்னும் உயிரோடு இருக்கிறது என்று அந்த மக்கள் அரசிடம் நிரூபிக்க வேண்டும். நீதிபதி நகரத்திலிருந்து பறந்து வந்து, மரத்தடியில் மடக்கு நாற்காலி போட்டு உட்கார்ந்தார். அங்கிருந்த நீர்நிலை குன்மனராவின் அப்பா வழிச் சொத்து. அதைப் பற்றிப் பேச அவருக்குத்தான் உரிமை. அவர் வாய் திறக்கும் நேரத்தில், மறுநாள் சாட்சி சொல்ல வேண்டிய டல்சி வந்து முன்வரிசையில் சம்மணமிட்டாள்.

குன்மனரா சட்டென்று நீதிபதிக்கு முதுகைக் காட்டி, மரத்தைப் பார்த்து நின்றார்.

"பாத்தீங்களா ஐயா? ஒண்ணும் தெரியாது, அதான் முகத்தைக் காட்ட மாட்டேங்குறாரு" என்றார் அரசுத் தரப்பு வக்கீல்.

மனைவி நோரீன் பல்லைக் கடித்தாள். "யோவ், திரும்புய்யா! நிலம் போயிடும்!"

"உங்கம்மாவைப் போகச் சொல்லு."

"சொல்லிட்டேன். இடுப்பு பிடிச்சிக்கிச்சாம்."

"தண்ணி எந்தப் பக்கம்?" என்று வக்கீல் கேட்டார்.

"ரெட்டைப் பாறைக்கு வடக்கே" என்று பதற்றத்தில் மரத்திடம் சொன்னார் குன்மனரா.

டல்சிக்குப் பொறுக்கவில்லை. பக்கத்தில் படுத்திருந்த நாயின் காதைப் பிடித்தாள். "ஏய் நாயே, கேட்டுக்கோ. சில பேருக்கு மூளை காஞ்சு போச்சு. தண்ணி தெக்கே!"

"நாயே, பெரியவங்ககிட்ட சொல்லு. மழை பெஞ்சா வடக்கேயும் தண்ணி நிக்கும்."

"மழை பெஞ்சா என் சட்டியிலகூடத்தான் நிக்கும்!"

வக்கீல் துள்ளி எழுந்தார். "ஆட்சேபிக்கிறேன்! சாட்சிப் பட்டியல்ல நாய் இல்லை!"

நீதிபதி நோரீனைப் பார்த்தார். "அவர் திரும்பினா என்னம்மா ஆகும்?"

"மாமியார் முகத்தைப் பாத்துட்டா மானம் போயிடுங்க. அப்புறம் நிலம் கிடைச்சும் அதுல எந்த முகத்தோட நடப்பாரு?"

நீதிபதி எழுந்தார். எல்லோரும் தெற்கே நடந்தார்கள். முன்னால் குன்மனரா, நூறடி பின்னால், இடுப்புவலி மறந்துபோன டல்சி. வறண்ட ஓடையில் அவர் முழங்கை ஆழம் மணலைத் தோண்டினார். தண்ணீர் ஊறி வந்தது. நீதிபதி கையில் அள்ளிக் குடித்தார்.

மறுவருடம் தீர்ப்பு வந்தது. நிலம் அவர்களுடையது. 'நிலமே போனாலும் முறையை மீறாத மனிதரிடம், அந்த முறை இன்னும் உயிரோடு இருக்கிறதா என்று கேட்க வேண்டியதில்லை' என்று அதில் ஒரு வரி இருந்தது.

மறுநாள் குன்மனரா வண்டியை எடுத்துப்போய் நீர்நிலைக்குப் பாதை போட்டார். ஒன்றல்ல, இரண்டு.

"எதுக்குய்யா ரெண்டு?" என்றாள் நோரீன்.

"உங்கம்மா எந்த நேரத்துல வருவாங்கன்னு யாருக்குத் தெரியும்?"