கூட்டணி முறிந்த வருஷம் நின்றுபோன கல்யாணம்

போன ஞாயிற்றுக்கிழமை காலையில் தேவராஜ் போன் செய்தான்.

"இன்னா பண்ணிகினு இருக்கே? பத்து மணிக்கு மண்டபத்துல கூட்டம். நீ வந்து முன் வரிசையில சும்மா உக்காரு. அது போதும்."

தேவராஜ் என் பள்ளித் தோழன். திருத்தணிக்கு வெளியே ஆறு பவர்லூம் தறி வைத்திருக்கிறான். அது வயிற்றுக்கு. மனசுக்கு — கட்சி. இருபத்தெட்டு வருஷமாக ஒரே கட்சி. இப்போது ஒன்றியச் செயலாளர்.

கட்சிக் கூட்டத்தில் எனக்கு என்ன வேலை? கேட்டேன்.

"பாவா வராரு" என்றான். போனை வைத்துவிட்டான்.

நான் சட்டையை மாற்றிக்கொண்டு கிளம்பினேன்.

இந்தப் பத்தியில் அரசியல் எழுதுவதில்லை என்று ஒரு வைராக்கியம் வைத்திருந்தேன். வாராவாரம் படிப்பவர்களுக்குத் தெரியும் — பல்வலி, கரண்ட் கட், மின்சார ரயில்... இதைத் தாண்டி நான் போனதில்லை. இந்த ஒரு வாரம் பொறுத்துக்கொள்ளுங்கள். கட்சிகளின் பெயரைச் சொல்லப் போவதில்லை. தேவராஜ் இருப்பது பெரிய கட்சி. அவன் பாவா முனிரத்தினம் இருப்பது சின்ன கட்சி. இப்படியே வைத்துக்கொள்வோம்.

பாவா என்றால், எங்கள் பக்கத்தில் அக்கா புருஷன். தேவராஜின் அக்கா லட்சுமியைக் கட்டியவர் முனிரத்தினம். கனகம்மாசத்திரத்தில் ஹார்டுவேர் கடை.

இரண்டு கட்சியும் ஒரே ரகம்தான். சாமி, குடும்பம், பண்பாடு, பெரியவர்களுக்கு மரியாதை — இந்த வார்த்தைகள் இல்லாமல் இரண்டு தலைவர்களும் மைக்கை விட்டதே கிடையாது. அதனால்தானே கூட்டணி? பல வருஷம் நன்றாகவே ஓடியது. தேர்தல் வந்தால் மச்சானும் பாவாவும் ஒரே ஜீப்பில் நின்று ஓட்டுக் கேட்பார்கள். ஒருவர் தமிழில் ஆரம்பிப்பார், இன்னொருவர் தெலுங்கில் முடிப்பார். அப்படித்தான் முனிரத்தினம் ஒன்றிய கவுன்சிலர் ஆனார்.

கூட்டணி வீட்டுக்குள்ளும் வந்தது. முனிரத்தினத்தின் மகன் கிரி, ஸ்ரீபெரும்புதூர் பக்கம் ஒரு கம்பெனியில் இன்ஜினீயர். தேவராஜுக்கு ஒரே மகள் சுகன்யா, எம்.காம். முறைப்பையன், முறைப்பெண். பெரியவர்கள் பேசுவதற்கு முன்பே அவர்கள் பேசி முடித்துவிட்டார்கள் என்பது எனக்குத் தெரியும். ஒருநாள் திருவாலங்காட்டுக் கோயில் பிராகாரத்தில் இரண்டு பேரையும் பார்த்துவிட்டு, பார்க்காத மாதிரி வந்தவன் நான்.

மூன்று வருஷத்துக்கு முன்னால் தை மாதம் நிச்சயம் ஆனது. வைகாசியில் கல்யாணம். மண்டபம்கூடச் சொல்லியாகிவிட்டது.

நடுவில் சித்திரை என்று ஒரு மாதம் இருக்கிறதே...

தொகுதிப் பங்கீட்டில் என்னவோ தகராறு. எத்தனை சீட்டு, எந்த சீட்டு என்று நமக்கு என்ன தெரியும்? பெரிய கட்சித் தலைவர் ஒரு பொதுக்கூட்டத்தில் கூட்டணி முறிந்தது என்று அறிவித்தார். அதோடு விட்டாரா? கூட்டம் கை தட்டக் கை தட்ட, சூடு ஏறி ஒரு வார்த்தை சொன்னார். "இனி அவர்கள் வீட்டு வாசலில் நம் தொண்டன் செருப்பைக்கூடக் கழற்றக்கூடாது."

தலைவர் அதைக் கைதட்டலுக்காகச் சொன்னார் என்றுதான் நான் இன்றைக்கும் நினைக்கிறேன். மேடையை விட்டு இறங்கி காரில் ஏறும்போதே அவருக்கு அது மறந்திருக்கும். ஆனால் தலைவர் சொன்னது மாவட்டத்துக்கு வரும்போது உத்தரவாகிவிடும். ஒன்றியத்துக்கு வரும்போது சட்டம்.

நிச்சயதார்த்தப் போட்டோ ஒன்று கட்சியின் வாட்ஸ்அப் குரூப்பில் வந்து விழுந்தது. தேவராஜும் முனிரத்தினமும் தாம்பூலத் தட்டு மாற்றுகிற போட்டோ. கீழே யாரோ எழுதியிருந்தான்: "பகல்ல இங்க, ராத்திரி அங்கயா?"

அப்போது மாவட்டச் செயலாளர் பதவிக்கு தேவராஜ் பெயர் அடிபட்டுக்கொண்டிருந்தது. மாவட்டத்திலிருந்து ஒருவர் போனில் சொன்னாராம். "நீங்க யாரு பக்கம்னு ஜனங்களுக்குத் தெரியணும் இல்லீங்களா? வர்ற வெள்ளிக்கிழமை உங்க ஊர்ல தெருமுனைக் கூட்டம். பேசிடுங்க."

தேவராஜ் பேசினான்.

அவன் நல்ல பேச்சாளன் கிடையாது. கையில் எழுதி வைத்துக்கொண்டுதான் பேசுவான். அன்றைக்கு என்னவோ எழுதியதைத் தாண்டிப் போனான். "எங்க தலைவர் மூஞ்சியைக் காட்டி ஓட்டு வாங்கி கவுன்சிலர் ஆனவரு, இன்னிக்கு எங்களையே எதுத்துகினு நிக்கிறாரு. அவர மட்டும் சொல்லல. நன்றி கெட்ட குடும்பம்."

கூட்டம் கை தட்டியது. வீடியோ கனகம்மாசத்திரம் போய்ச் சேர பத்து நிமிஷம் ஆகியிருக்குமா?

மறுநாள் காலை லட்சுமி அக்கா தனியாக பஸ் ஏறி வந்தாள். தேவராஜ் வீட்டு வாசலில் நின்றாள். உள்ளே வரவில்லை. தேவராஜ் பின்னால் என்னிடம் சொன்னது இது. அக்கா சத்தம் போடவில்லையாம். அழவும் இல்லையாம்.

"நீ இத வீட்டுக்கு வந்து சொல்லியிருந்தா, உன்னை ஒரு அறை அறைஞ்சுட்டு, சோறு தின்னுட்டு போயிருப்பேன் தம்பி. ஊரைக் கூட்டிச் சொல்லிட்டியே. நான் எந்தக் குடும்பம்? அதையாவது சொல்லு."

நிச்சயத்துக்குத் தம்பி எடுத்துக்கொடுத்த புடவையைத் திண்ணையில் வைத்துவிட்டு, அதே பஸ் திரும்பி வரும்போது ஏறிப் போய்விட்டாள்.

தேவராஜ் பின்னாலேயே போயிருக்கலாம். காலில் விழுந்திருக்கலாம். அக்காதானே? ஆனால் அந்த வாரம் அவனால் அந்த வாசலில் செருப்பைக் கழற்ற முடியாது. யாராவது போட்டோ எடுப்பார்கள். பதவி அறிவிப்பு வரட்டும், அப்புறம் நேராகப் போய் எல்லாவற்றையும் சரிசெய்துவிடலாம் என்று இருந்தான்.

அறிவிப்பு வந்தது. வேறொருவர் பெயர் இருந்தது.

அதற்குள் வைகாசி போய்விட்டது. அடுத்த தையில் கிரிக்கு நகரி பக்கம் பெண் பார்த்துக் கல்யாணம் முடித்தார்கள். தேவராஜுக்குப் பத்திரிகை வரவில்லை.

சுகன்யா அரக்கோணத்தில் ஒரு இன்சூரன்ஸ் ஆபீசில் வேலைக்குச் சேர்ந்தாள். வரன் வந்தால் அப்பாவிடம், "இப்ப வேணாம் நைனா" என்பாளாம். கோபமாகக்கூட இல்லை. சாயங்காலம் காபி வேண்டாம் என்பது மாதிரி.

போன மாதம் ஒருநாள் தேவராஜைப் பார்க்கத் தறிக்கூடத்துக்குப் போயிருந்தேன். மூலையில் ஒரு டி.வி. தறிச் சத்தத்தில் எதுவும் காதில் விழாது. படம் ஓடும், அடியில் எழுத்து ஓடும். சென்னையில் ஒரு பெரிய ஹோட்டல். இரண்டு தலைவர்கள். ஒருவருக்கு ஒருவர் சால்வை. மீண்டும் கூட்டணி.

தேவராஜ் எழுந்து போய் ஒவ்வொரு தறியாக நிறுத்தினான். ஆறும் நின்றபோது அந்த இடத்தில் ஒரு மாதிரியான அமைதி வந்தது. டி.வி. சத்தம் இப்போதுதான் கேட்டது.

ஒரு நிருபர் கேட்டார்: "செருப்பைக்கூடக் கழற்றக்கூடாது என்று சொன்னீர்களே?"

தலைவர் சிரித்தார். "அண்ணன் தம்பிக்குள் கோபத்தில் ஆயிரம் பேசிக்கொள்வோம். அதையெல்லாம் இன்னுமா ஞாபகம் வைத்திருக்கிறீர்கள்?"

நிருபர்களும் சிரித்தார்கள். சின்ன கட்சித் தலைவரும் சிரித்தார். எல்லோருக்கும் காபி வந்தது.

தேவராஜ் சிரிக்கவில்லை. டி.வி.யை அணைத்துவிட்டு மறுபடியும் தறிகளை ஓடவிட்டான். நான் ஏதோ கேட்டேன், அவன் ஏதோ சொன்னான். சத்தத்தில் இரண்டு பேருக்குமே கேட்கவில்லை.

தலைவர்களைத் திட்டுவதற்காக இதை எழுதவில்லை. சேர்வதும் பிரிவதும் அவர்கள் தொழில். அதற்கு ஏற்ற மாதிரி பேசத் தெரிந்திருக்கிறது, பேசியதை மறக்கவும் தெரிந்திருக்கிறது. அதுதான் தலைமைக்கான தகுதியோ என்னவோ... கீழே இருப்பவனுக்கு அந்த இரண்டாவது வித்தை வராது. அவனை யாரும் சால்வை போட்டுச் சிரித்துச் சேர்த்துவைப்பதும் இல்லை. குடும்பம்தான் எங்கள் உயிர் என்று சொல்கிற இரண்டு கட்சிகளுக்கு நடுவே ஒரு குடும்பம் போனது. இது எந்தத் தலைமை அலுவலகத்திலாவது யாருக்காவது தெரியுமா?

தெரியும். அதையும் சொல்லிவிடுகிறேன்.

போன வருஷம் தலைவர் இந்தப் பக்கம் வந்தபோது, தேவராஜ் கூட்டத்தில் முண்டியடித்துப் போய் அவரிடம் நேராகவே சொல்லியிருக்கிறான். "ஐயா, நீங்க சொன்ன வார்த்தைக்காக என் பொண்ணு கல்யாணத்தையே நிறுத்தினேன்." தலைவர் தோளைத் தட்டிக் கொடுத்தாராம். "இந்தத் தியாகத்தைக் கட்சி மறக்காது." அப்புறம் பக்கத்தில் இருந்தவரிடம் திரும்பி மெதுவாகக் கேட்டாராம் — "இவர் எந்த ஊர்?"

சரி, மண்டபத்துக்கு வருவோம்.

கூட்டணிக் கட்சிகளின் செயல்வீரர்கள் கூட்டம். மேடையில், பெண்ணும் மாப்பிள்ளையும் உட்காருகிற சிவப்பு சோபாவை நகர்த்தக்கூட இல்லை. அதில் ஒரு முனையில் தேவராஜ், மறு முனையில் முனிரத்தினம். தலை நன்றாக நரைத்துவிட்டது மனிதருக்கு. சரியான நேரத்துக்கு வந்தார். எல்லோருக்கும் வணக்கம் வைத்தார். தேவராஜுக்கும்.

பேசும்போதும் ஒரு குறை சொல்ல முடியாது. "தலைமை முடிவு எடுத்திருக்குது. நாங்க கட்டுப்படறோம். இந்தத் தொகுதியில உழைப்போம்." மூன்றே வாக்கியம். போட்டோவுக்காகக் கை கோத்துத் தூக்கச் சொன்னார்கள். தூக்கினார்கள். போட்டோ எடுத்ததும் முனிரத்தினம் கையை விடுவித்துக்கொண்டு வேட்டியைச் சரிசெய்தார்.

சாப்பாட்டுக் கூடத்தில் கை கழுவும் இடத்தில் தேவராஜ் அவரைப் பிடித்துவிட்டான். நான் பக்கத்துக் குழாயில் இருந்தேன்.

"பாவா... அக்கா எப்படி இருக்குது?"

முனிரத்தினம் கைக்குட்டையை எடுத்து விரல் விரலாகத் துடைத்தார். "வாக்குச்சாவடி லிஸ்ட் நாளைக்கு அனுப்பிடறேன், செயலாளர் சார்."

முப்பது வருஷம் மச்சான், மச்சான் என்று கூப்பிட்ட வாய்.

"அக்காவ ஒரு தடவ பாத்துட்டு வந்துடறேன் பாவா. இப்ப நாமதான் ஒண்ணாயிட்டோமே."

முனிரத்தினம் கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் எனக்குக் கொஞ்சம் நம்பிக்கை வந்திருக்கும்.

"கட்சி ஒண்ணாயிடுச்சுங்க. எங்க தலைவர் சொன்னாரு, வந்தேன். உங்க அக்கா எந்தக் கட்சியிலயும் இல்ல. அவங்களுக்கு யாரு சொல்றது?"

போய்விட்டார். தேவராஜ் குழாயைத் திறந்து, ஏற்கெனவே கழுவிய கையை மறுபடி கழுவினான். சாப்பிடாமலே கிளம்பினோம். வாசலில் யாரோ ஒரு தொண்டர், "போட்டோ சூப்பரா வந்திருக்குதுண்ணே" என்று செல்போனைக் காட்டினார். "ஆங்" என்றான்.

திங்கட்கிழமை காலை எனக்குச் சென்னையில் வேலை. திருத்தணி ஸ்டேஷனில் சுகன்யா நின்றிருந்தாள், அரக்கோணம் போக. தோளில் சாப்பாட்டுப் பை. ஞாயிற்றுக்கிழமை நடந்தது அவளுக்குத் தெரிந்திருந்தது. வீட்டில் அப்பா சொல்லவில்லையாம். போட்டோ எல்லா குரூப்பிலும் வந்ததே...

"நைனா மேல உனக்கு இன்னும் கோவம் இருக்காம்மா?" என்று கேட்டேன். கேட்டிருக்கக் கூடாது. கேட்டுவிட்டேன்.

சாப்பாட்டுப் பையை மறு தோளுக்கு மாற்றிக்கொண்டாள்.

"கோவம் எல்லாம் இல்லீங்க அங்கிள். அன்னிக்கு தெருமுனைக் கூட்டத்துல நானும் இருந்தேன். நைனா பேசறாருன்னு அம்மாவும் நானும் பொம்பளைங்க பக்கத்துல உக்காந்துகினு இருந்தோம். நன்றி கெட்ட குடும்பம்னு சொன்னாரு. எல்லாரும் கை தட்டினாங்க."

ரயில் வருகிற சத்தம் கேட்டது.

"நானும் தட்டினேன் அங்கிள். நைனா பேசினா தட்டறது சின்ன வயசுலேருந்து பழக்கம். தட்டி முடிச்ச அப்புறம்தான் இன்னா சொன்னாருன்னே எனக்குப் புரிஞ்சுது."

ரயில் வந்து நின்றது. லேடீஸ் கம்பார்ட்மென்ட் பக்கம் போய் ஏறிக்கொண்டாள்.

அந்தத் தெருமுனைக் கூட்டத்துக்கு நானும் போயிருந்தேன். அவளிடம் சொல்லவில்லை... உங்களிடம் சொல்லிவிட்டேன்.