சீக்கிரம் எரிந்த பச்சை

அண்ணன் ஓட்டும் பேட்டரி ஆட்டோதான் எங்கள் வீட்டின் வருமானம். அதன் சார்ஜர் மூன்று கட்டமாக வேலை செய்யும். முதலில் சிவப்பு விளக்கு: மின்சாரம் வேகமாகப் பாய்ந்து பெரும்பகுதியை நிரப்பும். அடுத்து ஆரஞ்சு: மின்னழுத்தம் மாறாமல் நிற்க, மின்சாரம் மெல்லக் குறைந்து மிச்சத்தை நிரப்பும். இதற்குத்தான் நேரம் ஜாஸ்தி. கடைசியில் பச்சை: நிரம்பியது இறங்காமல் காக்கும்.

பௌர்ணமி வந்தால், கிரிவலக் கூட்டத்தின் சவாரியைப் பிடிக்க அண்ணன் ஆரஞ்சிலேயே வயரைப் பிடுங்கிவிடுவான்.

"பச்சை வரட்டும்ணா."

"அதுக்குள்ள ஜனம் மலையையே சுத்தி முடிச்சிடும், இன்ஜினியரம்மா."

அரைகுறையாக நிரம்பும் பேட்டரியில் தகடுகள்மேல் ஈய உப்பு படிந்து இறுகும். இறுகிய இடம் மறுபடி மின்சாரத்தை ஏற்காது.

போன பௌர்ணமி மதியம் வேங்கிக்கால் பக்கம் ஆட்டோ நடுரோட்டில் நின்றுவிட்டது. சவாரி வந்தவர்கள் இறங்கி நடந்தார்கள். அண்ணன் வண்டியை வீடுவரை தள்ளிவந்து, சார்ஜில் போட்டுவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தான். தட்டில் பாதிச் சோறு இருக்கும்போதே பச்சை எரிந்தது.

"பாத்தியா, எவ்ளோ சீக்கிரம் ரொம்பிடுச்சு!" என்று சிரித்தான். "இனிமே பச்சை வந்தப்புறமே எடுக்கறேன், போதுமா?"

உள்ளே தகடெல்லாம் இறுகி, நிரம்புவதற்கு இடமே இல்லாமல் போனதால்தான் அது அத்தனை சீக்கிரம் நிரம்பியது. அவன் சாப்பிட்டு முடிக்கும்வரை நான் அதைச் சொல்லவில்லை.